உடைத்த தேங்காய்

எழுபத்தைந்தில் ஒரு சனிக்கிழமை இந்தியா பாகிஸ்தானை ஹாக்கியில் வென்று உலகக்கோப்பையைத் தூக்கியதும், இராசையா மொஹிதீன் நானாவின் தேநீர்க்கடையிலேயே ஒரு தேங்காயை எடுத்து அப்புத்தளை நடுத்தெருவில் ஓங்கி உடைத்தான். ரேடியோ இன்னும் அலறிக்கொண்டிருந்தது; பாகிஸ்தானுக்குக் கத்திக் கத்தி மொஹிதீனின் தொண்டை கட்டியிருந்தது.

“பாத்தீங்களா நானா, நம்மாளுங்க ஒங்க பாகிஸ்தான சுருட்டிட்டாங்க.”

“செயிச்சது நீங்க, தேங்கா மட்டும் ஏன்ட கடையிலயா?”

கடையே சிரித்தது. மூலையில் குடையோடு உட்கார்ந்து பிளேன்டீ குடித்த வெளியூர்க்காரர் மட்டும் சிரிக்கவில்லை. யார் கவனித்தார்கள்!

தாத்தா காலத்தில் தேயிலைத் தோட்டத்துக்கு வந்த குடும்பம் என்றாலும், இராசையா இந்தியாவைக் கண்ணால் கண்டதில்லை, காணவும் ஆசையில்லை. இலங்கைப் பிரஜாவுரிமைக்கு எழுதிப் போட்டிருந்தான். திங்கட்கிழமை விசாரணை. அவன் இங்கேயே பிறந்து வளர்ந்தவன் என்று மொஹிதீன் சாட்சி சொல்ல வேண்டும். பிரஜாவுரிமை கிடைக்காவிட்டால் இந்தியாவுக்குக் கப்பல்தான். மூத்த மகளைப் புதைத்த நாலாம் நம்பர் தேயிலை மலையை விட்டு வரமாட்டேன் என்று மனைவி நல்லம்மா தலையிலடித்துச் சொல்லியிருந்தாள்.

விசாரணை மேசைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்திருந்தவர் அதே குடைக்காரர். தவளை தன் வாயால் கெடும் என்பார்களே, இந்தப் பாவி கையாலும் கெட்டான். அதிகாரி ஐயா சிங்களத்தில் கேட்க, கிளார்க் தமிழில் சொன்னார். சனிக்கிழமை இவன் எந்த நாட்டுக்குத் தேங்காய் உடைத்தான் என்று மொஹிதீனைத்தான் கேட்டார்கள்.

மொஹிதீனுக்கு முகம் இருண்டது. அவருடைய வாப்பாவும் இந்தியாவின் காயல்பட்டினத்திலிருந்து வந்தவர்தான். அடுத்த கேள்வி தன்மேல் பாய்ந்தால்?

“இந்தியாவுக்குத்தான், சேர். அவங்க எல்லாம் அப்பிடித்தான். நாங்க இந்த ஊர் ஆக்கள்.”

அப்படியானால் நீர் பாகிஸ்தானுக்குக் கத்தியது என்ன என்று ஐயா கேட்டார்.

“அது சும்மா வெளையாட்டுத்தானே, சேர்.”

ஐயா வயிறு குலுங்கச் சிரித்தார். மொஹிதீனும் சேர்ந்து சிரித்தார்.

“எனக்கும் வெளையாட்டுதாங்க,” என்றான் இராசையா. கிளார்க் அதை மட்டும் சிங்களத்தில் சொல்லவில்லை. ஐயா மனுவைத் தள்ளுபடி செய்து கையெழுத்திட்டார்.

வெளியே வந்ததும் மொஹிதீன் டீ குடித்துவிட்டுப் போகச் சொன்னார். இராசையா திரும்பிப் பார்க்காமல் மலையேறினான்.

நல்ல சேதி வருமென்று எடுத்துவைத்திருந்த, இராசையா சனிக்கிழமை உடைத்துக் கொண்டுவந்த தேங்காயின் ஒரு மூடியை நல்லம்மா சம்பலுக்குத் திருவிக்கொண்டிருந்தாள். “என்னாச்சுங்க?” என்றாள்.

“இந்தியா செயிச்சிருச்சு, புள்ள.”

அவள் கையை நிறுத்தவில்லை. தேங்காய் தீர்ந்து, வெள்ளைப் பூவின்மேல் சிரட்டைத் தூள் கறுப்பாக உதிர்ந்துகொண்டிருந்தது.