இடதுக்கு ஒரு தட்டு

குவளையின் விளிம்பு ஒரு பக்கம் உள்ளே மடங்கியிருந்தது. நேற்று வரைக்கும் அது நல்ல வட்டமாகத்தான் இருந்தது. குளியலறைக் கதவை உள்ளே தாழ் போட்டுக்கொண்டு அவள் அதை ஜன்னல் வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். பிறகு குனிந்து தண்ணீர்க் குழாயின் அடிப்பாகத்தைப் பார்த்தாள். ஓர் உள்ளங்கை அகலத்துக்குப் பெயிண்ட் போய் இரும்பு பளபளத்தது. வாழ்க்கை முழுக்க இரும்போடு இருப்பவள் அவள். எது பழைய தேய்மானம், எது புது அடி என்று அவளுக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை.

ஒரு தடவை இரண்டு தடவை அடித்ததல்ல. காலையில் அவள் வேலைக்குப் போன பிறகு அம்மா இங்கே கீழே விழுந்து, எழுந்திருக்க முடியாமல், கைக்கு எட்டிய குவளையால் கைக்கு எட்டிய குழாயை அடித்துக்கொண்டே இருந்திருக்கிறாள்.

கதவுக்கு அந்தப் பக்கம் கூடத்தில் அப்பாவின் குரல் கேட்டது. மெக்கானிக் கடை நடத்துகிறவர் குரல், கொஞ்சம் உரக்கத்தான் எப்போதும் பேசுவார். "ஒரு சத்தமில்லாமப் போயிட்டா. நான் இங்கதான் பேப்பர் படிச்சிட்டு இருந்தேன். ஒரு முனகல் இல்ல, ஒண்ணும் இல்ல."

"குடுத்து வச்ச சாவுண்ணே" என்றது இன்னொரு குரல். பக்கத்துக் கடையில் வண்டிகளுக்கு ஒயரிங் பார்க்கும் எலக்ட்ரீஷியன். எல்லாரும் அவனை ஃப்யூஸ் என்றுதான் கூப்பிடுவார்கள். "உங்க காதுக்கே கேக்கலைன்னா சத்தமே இல்லைன்னுதானே அர்த்தம்."

சுற்றி இருந்தவர்கள் ஆமாம் ஆமாம் என்றார்கள். குவளையைத் தூக்கிச் சுவரில் அடிக்கலாம் போல இருந்தது. அடிக்கவில்லை. இருக்கிற ஒரே சாட்சி அதுதான்.

அப்பாவைக் காதுக்காரர் என்றுதான் ஊர் சொல்லும். முன் சக்கரங்களைச் சுழற்றும் ஆக்சில், அதன் இரண்டு முனையிலும் இருக்கும் ஜாயிண்ட், இந்த வேலைக்கு அவரை விட்டால் ஆளில்லை என்று வாடிக்கையாளர்கள் அடித்துச் சொல்வார்கள். வண்டியைக் காலி மைதானத்துக்கு ஓட்டிப்போய், ஸ்டியரிங்கை ஒரு பக்கம் முழுக்க ஒடித்து ஒரு வட்டம், மறுபக்கம் ஒடித்து ஒரு வட்டம். இறங்கும்போதே சொல்லிவிடுவார், லெஃப்ட் அவுட்டர், ரைட் அவுட்டர் என்று, எந்தப் பக்கத்து வெளி ஜாயிண்ட் போயிருக்கிறது என்பதை. ஜாயிண்டைப் பிரித்தால் உள்ளே குண்டுகள் ஓடும் தடம் குழி விழுந்திருக்கும், அவர் சொன்ன அதே பக்கத்தில். மற்ற மெக்கானிக்குகள் சக்கர பேரிங்கை மாற்றிப் பார்த்து, கடைசியில் இங்கேதான் வண்டியை அனுப்புவார்கள். பொன்காது என்று ஒரு வாத்தியார் எப்போதோ சொன்னதை ஊரே பிடித்துக்கொண்டது.

பொன்னாவது காதாவது. கிரைண்டருக்கும் சுத்தியலுக்கும் பக்கத்தில் நின்று நின்று மெல்லிய சத்தம் எல்லாம் அந்தக் காதை விட்டுப் போய் எவ்வளவோ காலமாயிற்று. கியர் போட்டதும் 'டொம்' என்று இடிக்கும் உள் ஜாயிண்ட் கோளாறு அவருக்கு இன்னமும் தெரியும். அது சீட் வழியாக உடம்புக்கே வந்துவிடும். திரும்பும்போது வரும் 'டிக் டிக் டிக்' இருக்கிறதே, வெளி ஜாயிண்டின் சத்தம், அது அவருக்கு இல்லவே இல்லை.

அதைக் கேட்டது அம்மா.

மகள் சின்னப் பிள்ளையாகப் பின் சீட்டில் வாடிக்கையாளர் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்திருக்கிறாள். அம்மா காய்கறிப் பையை மடியில் வைத்துக்கொண்டு, போகிற வழியில் மார்க்கெட்டில் இறங்கப்போகிறவள் போல முன்னால் உட்கார்ந்திருப்பாள். அப்பாவின் கை கியர் மேல் இருக்கும். வண்டி வட்டம் போடும்போது அம்மாவின் விரல் பைக்கு அடியிலிருந்து மெல்ல வெளியே வந்து அந்தப் புறங்கையைத் தட்டும். இடதுக்கு ஒரு தட்டு. வலதுக்கு இரண்டு. இரண்டு பக்கமும் போயிருந்தால் லேசாக ஒரு கிள்ளு. காதுக்காரர் பெண்டாட்டியை விட்டு ஒரு நிமிஷம் பிரிய மாட்டார் என்று கடைத்தெருவே கேலி செய்யும். அம்மாவும் கூடச் சேர்ந்து சிரிப்பாள்.

அவள் வளர்ந்து, கடையில் ஆக்சில் பிரிக்கும் பெஞ்சு அவள் கைக்கு வந்த பிறகு ஒரு நாள் கேட்டாள். "ஏம்மா, பேரு பூரா அவருக்கா? நீ ஒரு தடவ வாயத் திறந்து சொன்னா என்ன?"

"விடுடி. வண்டி சரியாப் போகுதுல்ல."

"அப்ப நான் வந்து பக்கத்துல உக்காந்து சொல்றேன். எனக்கும் காது இருக்கு."

"வேணாம்" என்றாள் அம்மா. சிரிக்காமல் சொன்னாள். "அது எங்க ரெண்டு பேர் சமாச்சாரம்."

அப்பாவுக்குக் காது மிஷின் வாங்கிக் கொடுத்தது மகள்தான். ஒரே ஒரு நாள் வீட்டுக்குள் மாட்டிப் பார்த்தார். "காதுக்காரன் காதுல மிஷினா? ஊரே சிரிக்கும்" என்று கழற்றி வைத்தவர்தான். டப்பா இன்னமும் அலமாரியில் கிடக்கிறது, மேலே ஒட்டிய விலைச் சீட்டைக்கூடப் பிய்க்காமல்.

தாழைத் திறந்துகொண்டு வெளியே வந்தாள். குவளை கையில் இருந்தது. மாடியில் குடியிருக்கும் தையல்கார அக்கா சமையலறை வாசலில் நின்று மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தாள். குவளையைப் பார்த்ததும் முகம் மாறிவிட்டது.

"நான் உன்கிட்ட சொல்லலாமா வேணாமான்னு நின்னுட்டே இருக்கேன்" என்று அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "காலைல டங்கு டங்குன்னு கேட்டுச்சும்மா. ரொம்ப நேரம். உங்கப்பா வீட்லயும் ஏதோ வேலை பாக்கறாருன்னு நெனச்சிட்டு நான் பாட்டுக்கு மிஷினை மிதிச்சிட்டு இருந்தேன். எனக்கு எப்படித் தோணும் சொல்லு."

"உங்களுக்கு எதுக்குக்கா தோணணும்" என்றாள். "பக்கத்து ரூம்ல ஆளு இருந்தாரே."

அப்பா உள்ளறையில் சட்டை மாற்றிக்கொண்டிருந்தார். அவள் நுழைந்து கதவைச் சாத்தினாள். சாத்தியது அவருக்குக் கேட்கவில்லை. பொத்தானை மேலும் கீழுமாகத் தப்பாகப் போட்டுக்கொண்டிருந்தார். அம்மா இருந்திருந்தால் திட்டிக்கொண்டே கழற்றிச் சரியாகப் போட்டுவிடுவாள். அந்தச் சட்டையைப் பார்த்ததும் அவள் கையும் பொத்தான் பக்கம் போனது. போன கை மேல் அவளுக்கு இன்னும் கோபம் வந்தது. குவளையை அவர் முகத்துக்கு நேராக நீட்டினாள்.

"என்னம்மா?"

"பாருங்க."

"குவளை."

"எப்படி மடங்கியிருக்கு பாருங்க. குழாயில அடிச்சு அடிச்சு மடங்கியிருக்கு. மாடியில இருக்கற அக்காவுக்குக் கேட்டிருக்கு. தையல் மிஷின் ஓடற சத்தத்துல கேட்டிருக்கு."

அவர் அவள் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கதவைப் பார்த்தார். "மெதுவாப் பேசு. வெளிய ஆளுங்க இருக்காங்க."

"மெதுவாப் பேசினா உங்களுக்குக் கேக்குமா?"

அவர் கட்டில் விளிம்பில் உட்கார்ந்தார். குவளையை வாங்கி, மடங்கிய இடத்தைக் கட்டைவிரலால் தடவினார். கடையில் ஜாயிண்டைக் கழுவிவிட்டுத் தடத்தில் குழி இருக்கிறதா என்று தடவுவது போலவே தடவினார். அந்த விரலுக்குத் தெரியாத தேய்மானம் கிடையாது. தெரிந்துவிட்டது என்பது அவர் முகத்திலேயே தெரிந்தது.

"சத்தமில்லாமப் போயிட்டான்னு இன்னொரு தடவ யார்கிட்டயாவது சொன்னீங்க..." அவளால் முடிக்க முடியவில்லை. "அவங்க கூப்பிட்டாங்க. கூப்பிட்டுக் கூப்பிட்டுத்தான் செத்தாங்க. அதையாவது அவங்களுக்கு விட்டுக் குடுங்க. மத்ததெல்லாந்தான் எடுத்துக்கிட்டீங்களே."

"இப்பப் போய் நான் என்னன்னு சொல்றது?"

"நடந்ததச் சொல்லுங்க. அம்மா வீட்ட விட்டுப் போறதுக்குள்ள சொல்லுங்க."

அவர் குவளையை அவளிடமே திருப்பிக் கொடுத்தார். வெளியே யாரோ "வண்டி வந்திடுச்சு" என்றார்கள்.

தெரு குறுகல். ஓட்டுநர் அமரர் ஊர்தியை முன்னே விட்டு, பின்னே எடுத்து, ஸ்டியரிங்கை வலது பக்கம் முழுக்க ஒடித்து வாசலுக்குத் திருப்பினான். முன் சக்கரம் இழுக்கிற வகை வேன் அது. ஒடித்த மாத்திரத்தில் சத்தம் கிளம்பியது. டிக் டிக் டிக் டிக். அழுதுகொண்டிருந்த சித்திகூட ஒரு நிமிஷம் நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தாள்.

வாசலில் நின்ற ஆண்களில் பாதிப் பேர் வாடிக்கையாளர்கள். எல்லாத் தலையும் அப்பா பக்கம் திரும்பியது. பழக்கம் யாரை விட்டது. ஃப்யூஸுக்கு நேரம் காலம் கிடையாது. "பாருங்கண்ணே, இந்த வண்டியுமா உங்களைத் தேடி வரணும்" என்றான். "எந்தப் பக்கம்ணே?"

ஓட்டுநர் தலையை வெளியே நீட்டினான். "ஐயாதான் காதுக்காரரா? கொஞ்ச நாளாவே இப்படித்தாங்க சத்தம் வருது. போற வழியில நின்னுடாதுல்ல?"

அப்பா வண்டியின் முன் சக்கரங்களைப் பார்த்தார். பிறகு தன் பக்கவாட்டில் பார்த்தார். அங்கே காலி நாற்காலி ஒன்று இருந்தது. பிறகு கூடத்தில் கிடத்தியிருந்த அம்மாவைப் பார்த்தார். கடைசியாக மகளைப் பார்த்தார்.

அவளுக்குத் தெரியும். வலது பக்கம் ஒடித்தால் சத்தம், இடது வெளி ஜாயிண்ட். ஒரு விரலை அசைத்தால் போதும். குவளையை மார்போடு அணைத்துக்கொண்டு, இரண்டு கைகளையும் கட்டிக்கொண்டு நின்றாள். சாகட்டும் என்று நினைத்தாள். இத்தனை பேர் முன்னால் திருதிருவென்று முழிக்கட்டும்.

அவர் வேனுக்குப் பக்கத்தில் போய்க் குந்தி உட்கார்ந்தார். இடது சக்கரத்துக்குப் பின்னால் கையை விட்டுத் துழாவினார். ஜாயிண்டை மூடியிருக்கும் ரப்பர் பூட் கிழிந்து கிரீஸ் சக்கரத்தின் உள்பக்கமெல்லாம் தெறித்திருக்கும். கைக்குத் தெரியும். தப்பித்துவிட்டார் என்று அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இனி எழுந்து லெஃப்ட் அவுட்டர் என்பார், ஃப்யூஸ் கையைத் தட்டாத குறையாகத் தலையாட்டுவான், அம்மா சத்தமில்லாமல் போய்ச் சேருவாள்.

அவர் எழுந்தார். விரல்களில் கறுப்புக் கிரீஸ் இருந்தது.

"எனக்குக் கேக்கல" என்றார்.

"இந்த நேரத்துல எப்படிண்ணே கேக்கும்" என்றான் ஃப்யூஸ்.

"இந்த நேரம்னு இல்லடா. இந்தச் சத்தம் எனக்கு எந்த நேரமும் கேக்காது. நீ சின்னப் பையனா இருக்கறதுலேர்ந்து கேக்காது. அவதான் பக்கத்துல உக்காந்து சொல்லுவா. நான் வெளிய வந்து உங்ககிட்டச் சொல்லுவேன். காலைல குழாயை அடிச்சு என்னைக் கூப்பிட்டிருக்கா. ரொம்ப நேரம் கூப்பிட்டிருக்கா. நான் இங்கதான் இருந்தேன். கேக்கல."

எல்லாரும் தலையைக் குனிந்தார்கள். கேட்டுவிட்டார்கள் என்று அவள் நினைத்தாள். அடுத்த கணம் ஃப்யூஸ் ஓடி வந்து அவரைக் கட்டிக்கொண்டு பெரிதாக அழுதான்.

"அண்ணே, இப்படியெல்லாம் உங்களை நீங்களே போட்டு வதைக்காதீங்கண்ணே. துக்கத்துல மனுஷன் என்னென்னவோ பேசறாரே. என் கண்ணால பாத்திருக்கேன்ணே, உங்க காது பொன்காது."

"பாவம்" என்றார்கள். "பொண்டாட்டி மேல உசிரு. ஒரு நிமிஷம் பிரிய மாட்டாரு."

"இல்லடா, நான் சொல்றதக் கேளு" என்றார் அப்பா.

"வாங்கண்ணே, உக்காருங்க. யாராவது தண்ணி குடுங்கப்பா."

"அவர் நெஜத்தத்தான் சொல்றாரு!" அவள் கத்தினாள். "அம்மாதான் கேட்டுச் சொன்னாங்க. எல்லா வண்டிக்கும் அம்மாதான் சொன்னாங்க. உங்க வண்டிக்கு, உங்க வண்டிக்கு!" ஒவ்வொருவராகக் குவளையால் காட்டினாள். சித்தி வந்து அவள் வாயைப் பொத்தித் தலையைத் தன் தோளில் சாய்த்துக்கொண்டாள். "நீயும் ஆரம்பிக்காத கண்ணு. அப்பாவைப் பாரு, எப்படி ஆயிட்டாருன்னு. நீதான் தைரியமா இருக்கணும்."

யாரோ அவள் கையிலிருந்த குவளையில் தண்ணீர் ஊற்றினார்கள். அவருக்குக் கொடுக்கத்தான் கொண்டுவந்திருக்கிறாள் என்று நினைத்துக்கொண்டார்கள். சித்தியின் தோளிலிருந்து தலையை விடுவித்துக்கொண்டு அவள் அந்தத் தண்ணீரைத் தெருவில் கொட்டினாள். இத்தனை நாள் ஒரு ஆள் மேல் இருந்த கோபம் இப்போது தெரு முழுக்க நின்றது. யாரைப் போய் அடிப்பது.

அம்மாவை வண்டியில் ஏற்றினார்கள். அப்பா முன்னால் ஓட்டுநருக்குப் பக்கத்தில் ஏறிக்கொண்டார். அம்மா உட்காரும் பக்கம் அது. பின்னால் அம்மாவின் தலைமாட்டில் அவள், எதிரே சித்தி. முன் சீட்டுகளுக்கு நடுவில் ஒரு கை அகலத்துக்கு இடைவெளி இருந்தது.

"மெதுவாத் திருப்புங்க" என்று அப்பா ஓட்டுநரிடம் சொன்னது கேட்டது. "அப்படி ஒடிக்காதீங்க. நேராப் போற வரைக்கும் ஒண்ணும் ஆகாது."

தெருமுனை வரைக்கும் வண்டி சத்தமில்லாமல் போனது. முனையில் ஓட்டுநர் கியரைக் குறைத்தான். அப்போது சீட்டு இடைவெளியில் அப்பாவின் கை பின்பக்கமாக வந்தது. அவர் திரும்பவில்லை. கிரீஸ் துடைக்காத கை. சீட்டின் ஓரத்தில், புறங்கை மேலே தெரிய, அசையாமல் அங்கே வைத்தார்.

வண்டி வலது பக்கம் ஒடித்துத் திரும்பியது. டிக் டிக் டிக் டிக்.

அவள் மடியில் இருந்த குவளையை இரண்டு கையாலும் பிடித்திருந்தாள். திருப்பம் முடிந்து, வண்டி நேராகி, சத்தம் நின்றது. அந்தக் கை அங்கேயே இருந்தது.