மெம்பர் வீட்டு மனு

என் வீட்டுக்காரர் முப்பத்து மூன்று வருடம் சட்டமன்றத்தில் இருந்தார். அதற்கு முன் வெங்காயம் பயிர் செய்துகொண்டிருந்தார். வாய்க்காலில் தண்ணீர் வரவில்லை என்று கேட்கப் போனவரை, பாசன அலுவலகத்தில் நாள் முழுக்க பெஞ்சில் உட்கார வைத்துவிட்டு, நாளைக்கு வரச் சொன்னார்கள். நாளைக்குப் போகவில்லை, அடுத்த தேர்தலில் நின்றார். ஜெயித்ததும் மண்வெட்டியை என் கையில் கொடுத்து, "ஒரு அஞ்சு வருஷம் பாத்துக்க" என்றார். அந்த அஞ்சு வருஷம், நடுவில் ஒரு தடவை மன்றம் பாதியில் கலைந்தும், ஏழு தேர்தலாக நீண்டது.

நல்ல உறுப்பினர்தான், பொய் சொல்ல மாட்டேன். மன்றத்தில் எந்த விவாதம் நடந்தாலும் அதை வாய்க்காலில் கொண்டுவந்து விட்டுவிடுவார். விண்வெளி ஆராய்ச்சி பற்றிப் பேசிய அன்றும், "மேல போறது இருக்கட்டும், கீழ தண்ணி எப்ப வரும்?" என்று கேட்டாராம். தொகுதியில் அவர் போடாத சாலை இல்லை, கட்டாத பள்ளிக்கூடம் இல்லை. எங்கள் வயலுக்குப் போகிற வழியிலுள்ள வாய்க்காலுக்கு மட்டும் பாலம் இல்லை. ஒன்றரைச் சாண் அகலத்தில் ஒரு பலகை கிடக்கிறது. தலையில் வெங்காய மூட்டையோடு நான் நடப்பது அதன்மேல்தான். வண்டியில் போவதென்றால் மூன்று மைல் சுற்ற வேண்டும்.

கேட்டால், "என் வயலுக்கு நானே பாலம் போட்டா நாலு பேர் என்ன பேசுவாங்க?" என்பார். கூடவே, "நல்ல பலகைதானே, நான் ஓடியே போவேன்" என்பார். அவர் கடைசியாக ஓடியது முப்பத்தைந்து வயதில். அடிமேல் அடி வைத்தால் அம்மியும் நகரும் என்பார்கள். இவர் அம்மியைவிடக் கனம்.

இந்தத் தடவை தேர்தலில் நிற்கவில்லை என்று சொல்லிவிட்டார். பதவி முடியப் பத்து நாள் இருந்தது. போன மாத மழையில் நான் பலகையில் வழுக்கி, மூட்டையோடு வாய்க்காலில் விழுந்து முழங்காலை உடைத்துக்கொள்ளாத குறை. போனில் சொன்னேன். "பாத்து நட" என்றார். இன்னொரு அறுவடையை அந்தப் பலகையில் சுமக்க என்னால் ஆகாது. ஒன்று பாலம் வர வேண்டும், இல்லையென்றால் வயலைக் குத்தகைக்கு விட வேண்டும். வயலை விட எனக்கு மனசில்லை.

அதனால் அவருடைய கடைசி மனு நாளில் ஒரு மனு எழுதிக்கொண்டேன். மனு வாங்குவது எங்கள் வீட்டு முன்னறையில்தான். சமையலறைக் கதவு வழியாக வெளியே வந்து, வீட்டைச் சுற்றிக்கொண்டு போய் வரிசையின் கடைசியில் நின்றேன்.

என் முறை வந்தது. தலை நிமிராமல் மனுவை வாங்கி, "எந்த ஊரும்மா?" என்றார்.

"இந்த வீடுதாங்க. சமையக்கட்டுலேர்ந்து வர்றேன்."

அறையே சிரித்தது. அவர் மனுவைப் படித்தார். காது சிவந்தது.

"போகப்போற நேரத்துல சொந்த வயலுக்குக் கையெழுத்துப் போட்டான்னு பேர் வாங்கணுமா?"

மனு கொடுத்துவிட்டு பெஞ்சில் உட்கார்ந்திருந்த பக்கத்து வயல்காரர் எழுந்தார். "மெம்பர், அந்தப் பக்கம் நாப்பது குடும்பம் வெள்ளாமை பண்றோம். எல்லாருக்கும் அந்தப் பலகைதான்."

"அப்ப ஏன் ஒருத்தரும் மனு குடுக்கல?"

"உங்க வயலுக்குப் போற வழியாச்சே. நீங்களே போட்டுக்குவீங்கன்னு இருந்துட்டோம்."

"முப்பத்து மூணு வருஷமாவா?"

"எப்படியும் அடுத்த வருஷம் போட்டுருவீங்கன்னு நெனச்சோம்."

அவர் பேனாவைத் திறந்தார், மூடினார். "இருந்தாலும் நல்ல பலகைதானே, நான் ஓடியே..."

எனக்கு வந்ததே கோபம். "வாங்க, ஓடிக் காட்டுங்க!"

வரிசை மொத்தமும் வாய்க்கால் கரைக்கு வந்துவிட்டது. நாலு பேர் முன்னால் பின்வாங்குகிற ஆளில்லை அவர். செருப்பைக் கழற்றிவிட்டுக் கால் வைத்தார். மூன்றாவது அடியில் பலகை ஆடியது. கையை விரித்தார், உட்கார்ந்தார், பிறகு தவழ்ந்தார். தொகுதி மக்கள் பார்த்துக்கொண்டிருக்க, ஏழு முறை ஜெயித்தவர் வெள்ளைச் சட்டையோடு நாலு காலில் அக்கரை சேர்ந்தார். முதலில் எல்லாரும் சிரித்தார்கள். பாதிப் பலகைக்கு மேல் ஒருவரும் சிரிக்கவில்லை.

அவர் மேஜையில் விட்டுவந்த மனுவோடு பின்னாலேயே நான் நடந்து போனேன். அவர் திரும்பிப் பலகையைப் பார்த்தார்.

"இதுலயா மூட்டையோட வந்த?"

"வேற எதுல வர?"

மனுவைக் கேட்டு வாங்கித் தொடையில் வைத்துக் கையெழுத்துப் போட்டார். முப்பத்து மூன்று வருடம் நான் சொல்லியும் கேட்காதவருக்கு, பலகை ஒரே தடவையில் சொல்லிவிட்டது. எனக்குச் சந்தோஷம் வரவில்லை, அழுகைதான் வந்தது. மனைவி சொல்லைவிட மரப் பலகை சொல்லுக்கு மதிப்பா என்று வயிறு எரிந்தது.

"திரும்ப இதுல என்னால முடியாது," என்றார். "சுத்திப் போவோம். நீயும் வா."

முழங்கால் வலித்தது. வீட்டில் கறக்காத மாடு வேறு கத்திக்கொண்டிருக்கும். ஆனாலும் போனேன். கல்யாணமான புதிதில் நடந்ததற்குப் பிறகு, கூட்டமில்லாமல் அவரோடு நான் நடப்பது அன்றுதான். மூன்று மைலும் திட்டிக்கொண்டே வந்தேன். ஒரு குறுக்கீடும் செய்யாமல், என் கையைப் பிடித்துக்கொண்டு, முழுசாகக் கேட்டார்.