தெற்குப் பாதி

பத்திரம் பதிவாகி நாற்பத்திரண்டு மணி நேரம் ஆனபோது, பாலக்கரையில் அமிர்தராஜும் லூர்துராணியும் வாங்கிய வீட்டின் தெற்குப் பாதியில் சத்தம் நின்றுபோனது. 1974, ஆகஸ்ட், புதன்கிழமை காலை. லூர்துராணி துணிப்பெட்டியை இழுத்துக்கொண்டு கூடத்தின் நடுவைத் தாண்டினாள். தரையில் உராயும் ஓசை அறுந்தது. ஓர் அடி பின்னால் வந்தாள். கோயில் மணி கேட்டது. முன்னால் போனாள்; கேட்கவில்லை.

மறுநாள் ஸ்ரீரங்கத்திலிருந்து அழகம்மாள் பஸ்ஸில் வந்து அடுப்படி வாசலில் நின்றாள். வீட்டை விற்ற ரங்கசாமிக்கு அக்கா. "இது எங்க அப்பா வீடு. எனக்கும் பாதி இருக்கு. பாகம் கேட்டுக் கேஸ் போட்டு ரெண்டு வருஷமாச்சு. ஒருத்தரும் சொல்லலையா தங்கச்சி?"

லூர்துராணி வில்லங்கச் சான்றை எடுத்துக் காட்டினாள். பதிவு ஆபீசில் வரிசையில் நின்று அவளே வாங்கியது. பதின்மூன்று வருடத்துக்கு வில்லங்கம் ஏதுமில்லை என்றது. நடக்கும் வழக்கை அந்தத் தாளில் எழுதமாட்டார்கள் என்பது அவளுக்குத் தெரியாது.

வக்கீல் கிளமென்ட் தாளைப் படித்துவிட்டு மடித்துக் கொடுத்தார். "கேஸ் நடக்கறப்ப வாங்கினா, வித்தவருக்கு எது கிடைக்குதோ அதுதாம்மா உங்களுக்கு. தெரிஞ்சு வாங்கினீங்களா, தெரியாம வாங்கினீங்களான்னு கோர்ட்டு கேக்காது."

லூர்துராணியின் அம்மா விட்டுப்போன மருங்காபுரி நிலத்தை விற்றுத்தான் வீடு வாங்கியிருந்தார்கள். "நான்தாங்க சரியா விசாரிக்கல" என்றாள் கணவனிடம். "விடு ராணி" என்றான் அமிர்தராஜ். பதினோரு வருடத்தில் அவள் இதை எத்தனையோ முறை சொன்னாள். அவனும் அதே இரண்டு சொல்தான் சொன்னான்.

தெரு பழகிக்கொண்டது. பரீட்சைக்குப் படிக்கிற பிள்ளைகள் தெற்கு அறைக்கு வந்தார்கள். பக்கத்து வீட்டு சாரா பீவி, "எங்க வீட்டு மனுசனை ஒரு வாரம் இங்க வச்சுக்கங்களேன், புண்ணியமாப் போகும்" என்றாள். 1975இல் திடீரென்று வலி கண்டு, அந்த அறையிலேயே மகள் பிறந்தாள். குழந்தை வாய் திறந்ததை லூர்துராணி பார்த்தாள், அழுகையைக் கேட்கவில்லை. நடக்க ஆரம்பித்ததும், அழ வேண்டுமென்றால் அடுப்படிக்கு ஓடிவரக் கற்றுக்கொண்டது அது. கோர்ட் அனுப்பிய கமிஷனர் 1981இல் அளக்க வந்தார். தெற்கில் நாடாவைப் பிடித்து, வடக்கே வந்து அளவைச் சொல்லி, மறுபடி தெற்கே போனார். தம் அறிக்கையில் இதைக் குறிப்பிடவில்லை.

கைலாசபுரம் தொழிற்சாலையில் ஷிப்ட் முடிந்து வந்ததும், அமிர்தராஜ் தெற்கு அறையில் சுவரைப் பார்த்துக் கொஞ்ச நேரம் உட்காருவான். உதடுகள் அசையும். ஜெபமாலை சொல்கிறார் என்று லூர்துராணி நினைத்தாள். கையில் மாலை இல்லை. விரலில் எண்ணுகிறார் போலிருக்கிறது என்று விட்டுவிட்டாள்.

1985இல் இறுதித் தீர்ப்பு வந்தது. ஆளுக்குப் பாதி. வாங்கியவர்கள் கேட்டுக்கொண்டபடி, அடுப்படி உள்ள வடக்குப் பாதியை ரங்கசாமியின் பங்கில் வைத்தார்கள். அதனால் அது இவர்களுக்கு நின்றது. மகள் பிறந்த அறை அழகம்மாளுக்குப் போனது.

ஜூன் மாதம் ஒரு காலையில் கோர்ட் அமீனா வந்து வாசலில் நின்றபடி சாவியை அழகம்மாளிடம் கொடுத்தார். அவள் கையெழுத்துப் போட்டாள். தெற்கு ஜன்னல் வழியாக முதல் முறையாக பஸ் ஹாரன் கேட்டது. அழகம்மாள் திரும்பிப் பார்த்தாள். அமீனா காகிதத்தை மடித்தார். யாரும் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

கடைசிக் கட்டிலை எடுக்கப்போன அமிர்தராஜ் உள்ளே சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தான். ஹாரன் அவன் காதில் விழவில்லை போலும். கட்டிலின் மறுமுனையைப் பிடிக்க வந்த லூர்துராணி நிலைப்படியிலேயே நின்றாள்.

"உனக்கு இந்த வீடு ரொம்பப் பிடிச்சிருந்துது" என்று அவன் சுவரிடம் சொல்லிக்கொண்டிருந்தான். "பதிவுக்கு முந்தின நாளே ரங்கசாமி சொல்லிட்டார். கேஸ் இருக்குன்னு எனக்குத் தெரியும், ராணி."