வெள்ளிக்கிழமை மீனும் விஸ்டுலா தியேட்டரும்

மில்வாக்கி நகரத்தின் தெற்குப் பக்கத்து ஜனங்களிடம் ஒரு குணம் உண்டு. செத்தவர்களை நன்றாக வழியனுப்புவார்கள். தியேட்டர் செத்தாலும் அப்படித்தான். ரிவோனாவை இடித்து டயர் கடை கட்டியபோது தெருவே நின்று அழுதது. அழுதுகொண்டே ஆளுக்கொரு நாற்காலியைப் பெயர்த்துக்கொண்டு போய் வீட்டு நிலவறையில் போட்டுக்கொண்டது. மோனார்க் போனபோது அதன் சரவிளக்கு ஒரு பீர்க்கடைக்குப் போனது. செலஸ்ட் போனபோது செங்கல்லுக்குக் கூட அடிதடி. உயிரோடு இருந்த காலத்தில் ஒரு டிக்கெட் வாங்கிக்கொண்டு உள்ளே போனோமா என்று ஒருவராவது தன்னைக் கேட்டுக்கொண்டாரா? கிடையாது.

கிளாடிஸ் ரூட்கா கேட்டாள். சத்தமாகவே கேட்டாள். மிட்டாய்த் தொழிற்சாலையில் இயந்திர இரைச்சலுக்கு மேலே கத்திக் கத்திப் பழகிய தொண்டை அது. ஓய்வு பெற்றும் தொண்டை ஓய்வு பெறவில்லை. தேவாலய வாசலில், இறைச்சிக் கடையில், பஸ் நிறுத்தத்தில் என்று யார் அகப்பட்டாலும் விடமாட்டாள். ஏனென்றால் லிங்கன் அவென்யூவில் மிச்சமிருந்தது ஒன்றே ஒன்று, விஸ்டுலா. அதற்கும் நாள் குறித்தாகிவிட்டது.

முதலாளி செத்துப்போனார். ஃப்ளோரிடாவில் வெயில் காய்ந்துகொண்டிருந்த பிள்ளைகள் இடத்தை ஒரு மருந்துக்கடைக் கம்பெனிக்குப் பேசிவிட்டார்கள். கம்பெனிக்குத் தியேட்டர் வேண்டாம், கார் நிறுத்த மண்தான் வேண்டும். இடிக்க வேண்டுமென்றால் நகரசபைக் கமிட்டி சரி சொல்ல வேண்டும். கமிட்டி சரி சொல்வதற்கு முன்னால் ஜனங்களைக் கூப்பிட்டு ஒரு தடவை கேட்டாக வேண்டும், சட்டம் அப்படி. அந்த ஒரு நாள் அறை நிறைய ஆள் வந்து எதிர்த்தால் கமிட்டிக்கு நடுக்கம் வரும். வராவிட்டால் கடப்பாரைதான், அப்பீல் கிப்பீல் ஒன்றும் இல்லை.

கிளாடிஸுக்கு அந்தத் தியேட்டர் மேல் ஏன் அத்தனை பிடிப்பு என்றால், அவள் அம்மாவின் தட்டுகள் அங்கிருந்து வந்தவை. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பதுகளில் தோல் பதனிடும் ஆலை அப்பாவை வீட்டுக்கு அனுப்பிவிட்டது. வீட்டில் ஒன்றோடொன்று சேராத தகரத் தட்டுகள். அப்போதுதான் விஸ்டுலாக்காரர் செவ்வாய்க்கிழமை தோறும் டிக்கெட் வாங்கும் பெண்களுக்கு ஒரு பீங்கான் தட்டு இலவசம் என்று அறிவித்தார். நீல விளிம்பு, நடுவில் ஒரு ரோஜா. அம்மா வேறெந்தச் செலவை விட்டாலும் செவ்வாய்க்கிழமையை விடவில்லை. ஒரு கையில் கிளாடிஸ், இன்னொரு கையில் தங்கை லொரெய்ன், திரும்பி வரும்போது கோட்டுக்குள் தட்டு. ஒவ்வொன்றாகச் சேர்ந்து ஒரு குடும்பம் உட்கார்ந்து மரியாதையாகச் சாப்பிடும் அளவுக்குத் தட்டு வந்தது.

இருட்டில் தட்டை மடியில் வைத்துக்கொண்டு படம் பார்க்க வேண்டும். கதாநாயகிக்கு ஆபத்து வரும் நேரமாகப் பார்த்து யார் மடியிலிருந்தாவது தட்டு நழுவும். சிமென்ட் தரையில் விழுந்து சுக்குநூறாகும். உடனே கொட்டகை முழுக்கக் கைதட்டும். முதலில் கேலிக்குத் தட்டினார்கள், பிறகு அதுவே வழக்கமாகிவிட்டது. எந்தப் படத்துக்கும் விழாத கைதட்டல் உடைந்த தட்டுக்கு விழுந்தது. இன்றைக்கும் அந்தப் பக்கத்தில் எந்த பீர்க்கடையில் கிளாஸ் விழுந்தாலும் எல்லோரும் தட்டுவார்கள். ஏன் தட்டுகிறோம் என்று சின்னப் பிள்ளைகளுக்குத் தெரியாது, இருந்தாலும் தட்டும். கிளாடிஸின் அம்மா மட்டும் ஒரு நாளும் கைதட்டல் வாங்கியதில்லை. ஒரு தட்டைக்கூட அவர் நழுவவிடவில்லை.

விஸ்டுலாவைக் காப்பாற்ற ஒரு குழு இருந்தது. தலைவர் லொரெய்னின் கணவன் நார்பெர்ட் பீகுலா. நல்ல மனிதன்தான், கூட்டம் சேர்ப்பதில் கெட்டிக்காரன், என்ன செய்வதற்காகக் கூட்டம் சேர்த்தோம் என்பதைத்தான் மறந்துவிடுவான். இறைச்சி தொடாமல் மீன் மட்டும் தின்னும் தவக்காலத்து வெள்ளிக்கிழமை ஒன்றில் தேவாலய மண்டபத்தில் மீன் விருந்து வைத்து நிதி திரட்டுவது என்று அவன் முடிவு செய்தான். தட்டுகள் வைத்திருக்கும் வீட்டார் எல்லோரும் விஸ்டுலா தட்டைக் கொண்டுவந்து அதிலேயே சாப்பிட வேண்டும் என்பதும் அவன் யோசனைதான். யோசனை நன்றாகத்தான் இருந்தது. கிளாடிஸ் மனசே இல்லாமல் அம்மாவின் தட்டுகளை லொரெய்னிடம் கொடுத்தாள். பத்திரம், பத்திரம் என்று வாசல்வரை சொல்லி அனுப்பினாள்.

பிறகு நகரசபையிலிருந்து அறிவிப்பு வந்தது. ஜனங்களைக் கேட்கும் அந்த விசாரணை அதே வெள்ளிக்கிழமை, மாலை ஐந்தரைக்கு.

நாள் குறித்தவர் அந்த வார்டு கவுன்சிலர் லியோ கப்சா. அதே தெருவில் பிறந்து, வெள்ளிக்கிழமை தவறாமல் மீன் தின்று வளர்ந்தவர். தெற்குப் பக்கத்துக்காரனை வெள்ளிக்கிழமை சாயங்காலம் மீனிடமிருந்து பிரிக்க ஆண்டவராலும் முடியாது என்பது அவருக்குத் தெரியாதா? கிளாடிஸ் நேரே போய்க் கேட்டபோது, அறை காலியாக இருந்தது அன்றைக்குத்தான் என்றார். நான் உங்கள் பக்கம்தான், ஆனால் ஜனங்கள் வர வேண்டும், வந்தால் என் கை பலப்படும் என்று அவள் கையைப் பிடித்துக் குலுக்கினார்.

சரி, விருந்தைத் தள்ளி வையுங்கள் என்று கிளாடிஸ் குழுவிடம் போனாள். தள்ளுவதா? மண்டபம் பேசியாகிவிட்டது, மீன் வந்து ஐஸில் கிடக்கிறது, டிக்கெட் பாதி விற்றாகிவிட்டது.

"புதன்கிழமை வையுங்களேன்," என்றாள்.

நார்பெர்ட் அவளை ஏதோ அந்நிய தேசத்துக்காரியைப் பார்ப்பது போலப் பார்த்தான். "புதன்கிழமை யாரு மீன் தின்னுவா? அண்ணி, பதறாதீங்க. இந்த விசாரணையெல்லாம் ராத்திரிவரைக்கும் இழுப்பாங்க. சீக்கிரமா பந்தியை முடிச்சுட்டு, ஏழு மணிக்கு நாப்பது கார்ல ஊர்வலமா வந்து இறங்குறோம். நீங்க முன்னாடி போய் இடம் புடிச்சு வைங்க, போதும்."

எல்லோரும் தலையாட்டினார்கள். கல்யாணச் சந்தடியில் தாலி கட்ட மறந்த கதையைக் கேட்டிருக்கிறோம். மாப்பிள்ளை வீட்டார் முதல் பந்தியில் உட்கார்ந்துகொண்டு, தாலியைப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று சொன்ன கதையை நான் இங்கேதான் பார்த்தேன்.

அந்த வெள்ளிக்கிழமை கிளாடிஸ் தேவாலயத்துக்குப் போடும் ஞாயிற்றுக்கிழமைக் கோட்டைப் போட்டுக்கொண்டு நகரசபைக்குப் போனாள். அறையில் வரிசை வரிசையாகக் காலி பெஞ்சு. முன்னால் கமிட்டிக்காரர்கள், நடுவில் கப்சா. ஒரு பக்கம் கம்பெனி வக்கீல். இன்னொரு பக்கம் கிளாடிஸ் மட்டும்.

வக்கீல் பேசினார், சுருக்கமாகவே பேசினார். அவருக்கும் வீட்டுக்குப் போக வேண்டும். பிறகு கிளாடிஸ் எழுந்து தன் தொண்டையைப் பயன்படுத்தினாள். அந்தத் தெருவில் இனி பிள்ளைகள் போக என்ன இருக்கிறது, டயர் கடையா என்று கேட்டாள். கூரை ஒழுகவில்லை, சுவரில் விரிசல் இல்லை, எடுத்து நடத்த ஆள் தேடக் கொஞ்சம் அவகாசம் கொடுத்தால் போதும் என்று சொன்னாள். சொல்லும்போதே கண் கதவுப் பக்கம் போய்ப் போய் வந்தது. காலி அறையில் அவளுடைய குரல் அவளுக்கே எதிரொலித்தது, அது அவளுக்கு வெட்கமாக இருந்தது.

கப்சா பொறுமையாகக் கேட்டார். "எதிர்ப்பு தெரிவிக்க வேற யாராவது இருக்கீங்களா?" என்று பெஞ்சுகளைப் பார்த்துக் கேட்டார்.

"வர்றாங்க. கொஞ்சம் பொறுங்க. ஏழு மணிக்கு எல்லாரும் வர்றாங்க."

"ஏழு மணிக்கு இந்தக் கட்டடத்தையே பூட்டிடுவாங்கம்மா." பிறகு பக்கத்தில் இருந்தவர்கள் பக்கம் திரும்பினார். "என் வார்டு ஜனங்க மனசு எனக்குத் தெரியும். இது அவங்களுக்கு அவ்வளவு முக்கியம்னா, இந்நேரம் இங்க உட்கார இடம் கெடைச்சிருக்காது."

கைகள் உயர்ந்தன. விஸ்டுலா போய்விட்டது. தட்டச்சு செய்த பெண் காகிதங்களை அடுக்கினாள், ஒருவர் விளக்கை அணைக்க ஆரம்பித்தார். கிளாடிஸ் அழவில்லை. அழுகை வர வேண்டிய இடத்தில் அவளுக்கு ஆத்திரம்தான் இருந்தது, அது பஸ் நிறுத்தம்வரை அவளைத் தள்ளிக்கொண்டு போனது. பஸ் வர நேரமானது. பாலத்தைத் தாண்டும்போது விஸ்டுலாவின் முகப்பு இருட்டில் தெரிந்தது. அவள் பார்க்காமல் மடியைப் பார்த்துக்கொண்டாள்.

மண்டபத்துக்குள் நுழைந்ததும் எண்ணெய் வாசமும் சிரிப்பும் முகத்தில் அடித்தன. சுவரில் பெரிய எழுத்தில் 'விஸ்டுலாவைக் காப்போம்'. நீள மேசைகளில் நீல விளிம்புத் தட்டுகள், அவற்றில் பொரித்த மீன், உருளைக்கிழங்கு அடை, முட்டைக்கோஸ் சாலட், ஓரத்தில் ரை ரொட்டி. இத்தனை கூட்டத்தை அந்த மண்டபம் கண்டதில்லை. நார்பெர்ட் மைக்கில் மீன் மொத்தமும் தீர்ந்துவிட்டதென்று சந்தோஷமாக அறிவித்துக்கொண்டிருந்தான். ஊர்வலத்துக்குக் கிளம்ப யாரும் இன்னும் தங்கள் கோட்டை எடுத்து மாட்டவில்லை.

தலை மேசையில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தவர் யார் என்கிறீர்கள்? கவுன்சிலர் லியோ கப்சா! பஸ்ஸைவிடக் கார் வேகமாக வந்துவிட்டது. கழுத்தில் துண்டைச் செருகிக்கொண்டு, குலுக்கல் சீட்டு வேறு வாங்கி வைத்திருந்தார். எதிரே இருந்த கிழவி ஒருத்தி, இத்தனை வேலைக்கு நடுவிலும் நம்ம தியேட்டருக்காக வந்தீர்களே என்று அவருக்கு நன்றி சொல்லிக்கொண்டிருந்தாள். பிள்ளையையும் கிள்ளிவிட்டுத் தொட்டிலையும் ஆட்டுகிற சாமர்த்தியத்தைப் பாருங்கள்.

கிளாடிஸ் கோட்டைக்கூடக் கழற்றாமல் நேரே அந்த மேசைக்குப் போனாள்.

"இவங்ககிட்டச் சொல்லிட்டீங்களா?"

கப்சா நிமிர்ந்து பார்த்துப் புன்னகைத்தார்.

"வாயில இருக்கறத முழுங்கிட்டுச் சொல்லுங்க. எல்லாருக்கும் கேக்கட்டும்."

மண்டபம் அடங்கியது. கப்சா துண்டால் வாயைத் துடைத்துக்கொண்டு எழுந்தார். கமிட்டியின் முடிவு தனக்கும் வருத்தம்தான் என்றார். ஆனால் விஸ்டுலாவின் நினைவு அழியாது, அந்த இடத்தில் வெண்கலப் பலகை ஒன்று வைக்கப்படும், முகப்பு எழுத்துகளைப் பத்திரமாக இறக்கி இந்த ஜனங்களிடமே ஒப்படைக்கத் தான் பொறுப்பு என்றார். மார்பில் கைகூட வைத்தார்.

ஒரு பெண் மூக்கை உறிஞ்சினாள். பிறகு பின் மேசையிலிருந்து ஒருவர் கேட்டார்: "அந்த முதல் எழுத்து எங்க வீட்டுக்குக் கிடைக்குமா? எங்கப்பா அங்கதான் கேட் கீப்பரா இருந்தாரு." இன்னொருவர் நாற்காலிகளை எப்போது கொடுப்பார்கள் என்று கேட்டார். திரைச்சீலையைக் கிழித்துப் பங்கு போடலாமா என்று மூன்றாவது குரல்.

கிளாடிஸ் மேசை மேசையாகப் பார்த்தாள். இதற்குக் கப்சாவைக் குற்றம் சொல்வதா, இந்த ஜனங்களைச் சொல்வதா? அவர் ஒரு வெள்ளிக்கிழமையைத்தான் குறித்தார். மற்றதெல்லாம் இவர்கள் தாங்களாகவே செய்தார்கள். அப்போதுதான் அவள் கப்சாவின் தட்டைப் பார்த்தாள். விளிம்பில் ஒரு சின்னச் சுட்ட கறை. அம்மாவின் தட்டு அது. கிறிஸ்துமஸ் முன்னிரவில் எல்லோருக்கும் பரிமாறியபின், எதிர்பாராமல் வரக்கூடிய அந்நியனுக்காக மேசையில் ஓர் இடம் காலியாக விட்டு, அந்த இடத்தில் அம்மா வைக்கும் தட்டு. அதில் யாரும் சாப்பிட்டு அவள் பார்த்ததில்லை.

லொரெய்ன் ஓடி வந்து அவள் முழங்கையைப் பிடித்தாள். "இவர் வருவாருன்னு யாரும் எதிர்பாக்கலக்கா. அதான் அந்தத் தட்டுல போட்டேன்."

கிளாடிஸ் தட்டை எடுத்தாள். மீனையும் அடையையும் மேசை விரிப்பில் கொட்டினாள். தட்டைக் கோட்டு நுனியால் இரண்டு பக்கமும் துடைத்தாள், அம்மா துடைப்பது போலவே.

"எதிர்பாராம வர்றவனுக்குன்னு அம்மா வச்ச தட்டுடீ இது," என்றாள். "இவரு எல்லாத்தையும் எதிர்பார்த்துத்தான் நாள் குறிச்சாரு."

பிறகு கையை விரித்தாள்.

சிமென்ட் தரையில் தட்டு சிதறிய சத்தம் மண்டபத்தின் கடைசிவரை கேட்டது. கேட்டதும் எல்லோரும் கைதட்டினார்கள். நினைத்துத் தட்டவில்லை, பாவம், கைகள் தாமாகத் தட்டின. கிழவிகள் தட்டினார்கள், எதற்கென்று தெரியாத சின்னப் பிள்ளைகள் தட்டினார்கள், மைக்கைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு நார்பெர்ட்டும் தட்டினான். கப்சாவும் அந்தத் தெருவில் பிறந்தவர்தானே, அவரும் தட்டினார். லொரெய்ன் மட்டும் இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டு நின்றாள். என்ன உடைந்தது என்று ஒவ்வொருவருக்காகப் புரியப் புரியக் கைதட்டல் மேசை மேசையாக நின்றது.

கிளாடிஸ் முழுவதும் ஓயும்வரை காத்திருந்தாள். அன்றைக்கு அவள் கத்தவில்லை.

"ஆளுக்கொரு துண்டு எடுத்துக்குங்க," என்றாள். "அதானே உங்களுக்கு வேணும்."

கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டு அவள் கதவைப் பார்த்து நடந்தாள். அவள் முதுகுக்குப் பின்னால் முதலில் குனிந்தவன் நார்பெர்ட். ரோஜா இருந்த துண்டாகப் பார்த்து எடுத்துக் கைக்குட்டையில் சுற்றிக்கொண்டான்.