மூக்கம்மாள் வழக்கு மலையேறிய விதம்

போன மாசியில் என் அக்கா மூக்கம்மாள் இறந்தாள். அவள் பெட்டியை ஒதுக்கும்போது பஸ் டிக்கெட்டுகள் கோத்த கம்பி ஒன்று கிடைத்தது. இருபத்தெட்டு டிக்கெட்டுகள். எழுத்தெல்லாம் மங்கிவிட்டது.

பாலக்காட்டுப் பக்கத்து வடகரப்பதியிலிருந்து எங்கள் ஏலத்தோட்டத்துக்குச் சாணி லாரி ஓட்டி வந்த சென்னிமலையை அக்கா விரும்பிக் கட்டிக்கொண்டாள். தலைப்பிரசவத்துக்கு ஏலமலையில் எங்கள் ஊரான சக்குபள்ளம் வந்தாள். பிள்ளை பிறந்த பின் அவர் கூப்பிட வரவில்லை. இரண்டு வருஷம் கழித்து, 1978இல், பாலக்காட்டுக் கோர்ட்டிலிருந்து தபால் வந்தது. அவள் அவரை விட்டு ஓடிவிட்டாளாம், விவாகரத்து வேண்டுமாம்.

"பிரியிறதுன்னா பிரியட்டும்டி. விட்டு ஓடினவள்னு எழுத விடமாட்டேன்" என்றாள் அக்கா.

பாலக்காடு போக ஏழு பஸ். இடுப்பில் பிள்ளையோடு நான்கு வாய்தாவுக்குப் போனோம். ஒருமுறை கோர்ட் வராந்தாவில் அவள் மாமியார் காளியாத்தாள், "பாருங்க, ஏலக்கா மூட்டையாட்டம் வந்து எறங்கீட்டா" என்று ஊராருக்குக் காட்டினாள். ஐந்தாவது வாய்தாவுக்கு ஏலமலையில் மண் சரிந்து பஸ் ஓடவில்லை. இன்னொரு முறை வராவிட்டால் அவள் இல்லாமலே தீர்ப்பாகிவிடும் என்று பாலக்காட்டிலிருந்து கடிதம் வந்தது.

குமுளி வக்கீல் ஆசீர்வாதம், வழக்கை எங்கள் மாவட்டத்துக்கே மாற்றச் சொல்லி எர்ணாகுளம் ஹைகோர்ட்டில் மனுப் போட்டார். "கையெழுத்து போதும்மா, நீங்க வரவேணாம்" என்றார்.

அக்கா கேட்கவில்லை. தோட்டத்தில் காலை மஸ்டரில் பேர் கூப்பிடும்போது குரல் கொடுக்காதவளுக்கு அன்றைக்கு வேலை இல்லை. "பேரக் கூப்பிடும்போது ஆளில்லன்னா கழிச்சிருவாங்க" என்று கிளம்பிவிட்டாள்.

அந்த ஹைகோர்ட் அறை இன்னும் என் கண்ணில் நிற்கிறது. அவ்வளவு உயரத்தில் கூரையை நான் எந்தக் கட்டடத்திலும் பார்த்ததில்லை. அத்தனை பேர் இருந்தும் காகிதம் புரளும் சத்தம் மட்டுமே கேட்டது. மூச்சை மெதுவாக விட்டேன். வழக்கு எண்ணைச் சொல்லி, "மூக்கம்மாள்" என்று கூப்பிட்டார்கள்.

"இருக்கேன்யா!"

பின்வரிசையில் எழுந்து, மலைச்சரிவில் கத்துவது போலக் கத்தினாள் அக்கா. கறுப்பு அங்கிகள் எல்லாம் திரும்பிச் சிரித்தன. ஆசீர்வாதம் தலையில் கைவைத்தார். நீதிபதி மட்டும் சிரிக்கவில்லை. முன்னால் வரச்சொன்னார்.

எதிர்த்தரப்பு வக்கீல், இரண்டு ஊரும் கேரளாதானே, இதில் என்ன சிரமம் என்று வாதாடினார். "எப்படிப் போவீர்கள்?" என்று நீதிபதி அக்காவையே மலையாளத்தில் கேட்டார். அந்த மலையாளம் எங்களுக்குப் புரியும்.

"குமுளிக்கு எறங்கணும்யா. பொறவு கம்பம், தேனி, திண்டுக்கல், பழனி, பொள்ளாச்சி, பாலக்காடு" என்று சொல்லிவிட்டு, மடியிலிருந்து கம்பியை எடுத்தாள். வேலைக்கு வரவில்லை என்று கங்காணி சாதித்துவிடக் கூடாதே என்று நாங்கள் பறித்த காயின் எடைச்சீட்டுகளைக் கம்பியில் கோத்து வைப்போம். பாலக்காடு போன டிக்கெட்டுகளையும் அப்படியே கோத்திருந்தாள்.

கம்பி கைமாறி மேலே போனது. அவ்வளவு பெரிய மனிதர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு, எங்கள் கைவியர்வை பட்ட காகிதங்களை ஒவ்வொன்றாகப் புரட்டினார். எனக்கு மயிர்க்கூச்செறிந்தது.

"கேரளத்திலிருந்து கேரளத்துக்குப் போக, இந்தப் பெண் தமிழ்நாட்டைக் கடக்கிறாள்" என்றார். வழக்கை மாற்றி உத்தரவானது.

நாங்கள்தான் எப்போதும் எதையும் தேடி இறங்கிப் போவோம். அந்த முறை வழக்குக் காகிதக் கட்டே பாலக்காட்டிலிருந்து எங்களைத் தேடி மலையேறி வந்தது. எங்கள் மாவட்டக் கோர்ட்டில் சிவப்பு நாடா கட்டி மேசைமேல் இருந்ததை நாங்கள் பார்த்துக்கொண்டே நின்றோம்.

முதல் வாய்தாவுக்குச் சென்னிமலை புழுதியோடு வந்து வராந்தாவில் உட்கார்ந்தார்.

"ஏம்புள்ள, இத்தனை பஸ்ஸா?"

"லாரியில வந்தவருக்குத் தெரியாதுல்ல" என்று அக்கா தண்ணீர்ப் பாட்டிலை நீட்டினாள்.

உள்ளே, பிரசவத்துக்குப் பின் கூப்பிடப் போனீர்களா என்று கேட்டார்கள். சென்னிமலை அக்காவைத் திரும்பிப் பார்த்தார்.

"போகலீங்க."

அக்கா விட்டு ஓடியவள் அல்ல என்று அவர் மனு தள்ளுபடியானது.