வழக்கு வவுனியாவுக்கு வந்த கதை

1

இந்தக் கதை நான் களவாகக் கேட்டது. அறுபத்திரண்டாம் ஆண்டு, ஒரு வேலிச் சண்டை வழக்குக்காக வவுனியா நீதிமன்ற விறாந்தையில் காய்ந்துகொண்டிருந்தேன். பக்கத்து வாங்கில் இருந்த பெண் தன் அயலவரிடம் சொன்னாள்: “வழக்கை இஞ்சை மாத்த அவரே ஓமெண்டிட்டார், இளையதம்பியண்ணை.” கேட்டது அவ்வளவுதான். மிச்சமெல்லாம் என் கைவேலை. வேலி போய்விட்டது, கதை கிடைத்தது. அந்தப் பெண் எங்கிருந்தாலும் நன்றாக இருக்கட்டும்.

2

முதல் தொடக்கம்: ‘கமலாசனியின் கண்ணீரால் பாவற்குளம் நிரம்பி’ – வேண்டாம். அவள் அழுகிற ஆளில்லை. குளத்துக்கு மழையே போதும்.

இரண்டாவது: கமலாசனியும் சிற்றம்பலமும் யாழ்ப்பாணத்தில் கலியாணம் முடித்து, செட்டிகுளத்துப் பக்கம் பாவற்குளத்துக் குடியேற்றக் காணிக்கு வந்தவர்கள். இருவருமாகக் காடு வெட்டினார்கள். காய்ச்சலும் யானையும் துரத்த, அவர் ஊருக்கே திரும்பிவிட்டார். அவள் வயலை விட்டு அசையவில்லை. மனைவி என்னைக் கைவிட்டாள் என்று அவர் யாழ்ப்பாணத்தில் விவாகரத்து வழக்குப் போட்டார். (யார் யாரைக் கைவிட்டது? எழுதுகிற எனக்கே தெரியவில்லை. நீதிபதி பாவம்.)

அவள் யாழ்ப்பாணம் போகாவிட்டால் அவர் சொன்னதே தீர்ப்பு. காணி அவர் பேரில் இருந்தது. கைவிட்டவள் என்று முடிந்தால் அந்த வயலில் அவளுக்குக் கால் வைக்க இடமில்லை. போகலாமென்றால், அங்கே வழக்கு எடுப்பது வியாழக்கிழமைகளில். அவள் வயலுக்குக் குளத்துத் தண்ணீர் முறையும் வியாழக்கிழமைதான். மழையில்லாத சிறுபோகத்தில் முறை தவறினால் நெல் கருகிவிடும்.*

* அயலவர் பாய்ச்சிவிடமாட்டாரா என்று கேட்பீர்கள். இளையதம்பிதான் சாட்சி, அவரும் யாழ்ப்பாணம் போகவேண்டும். மற்றவர்கள் நல்ல மனிதர்கள். ஆனால் முறைத் தண்ணீர் விஷயத்தில் குடியேற்றத்தில் கூடப்பிறந்தவனையும் நம்பமாட்டார்கள்.

3

வவுனியாவில் அவளுக்காக வழக்குப் பேசும் பிரக்கிராசியாரிடம் போனாள்.

“ஐயா, வழக்கை இஞ்சை மாத்தேலாதோ? விடியத் தண்ணியைக் கட்டிப்போட்டு முதல் பஸ்ஸிலை வந்திடுவன்.”

“கொழும்புக்கு மனுப் போட்டு மாத்தலாம், பிள்ளை. அவர் மறுத்தால்தான் இழுபடும்.”

“மறுப்பார், ஐயா. ஏன் விடப்போறார்?”

இந்த இடத்தில், ‘சிற்றம்பலம் மீசையை முறுக்கியபடி’ என்று ஒரு வசனம் தொடங்கினேன். மீசை ஒட்டவில்லை. கதைக்கு வில்லன் வேண்டுமே என்று எவ்வளவோ கெஞ்சிப் பார்த்தேன், மனிதர் மசியவில்லை.

மறுமுறை அவள் போனபோது பிரக்கிராசியார் கதிரையைக் காட்டி இருக்கச் சொன்னார்.

“வவுனியாவுக்குப் போனால் சாட்சியெல்லாம் அவவின்ரை பக்கம், மறுத்துப்போடுங்கோ எண்டு அவரின்ரை ஆக்கள் சொல்லியிருக்கினம். அவர் கேக்கேல்லையாம். ‘வியாழக்கிழமையிலை அவவுக்குத் தண்ணி முறை, அங்கையே மாத்துங்கோ’ எண்டிட்டாராம்.”

அந்தத் தண்ணீர் வரும் வாய்க்காலை வெட்டியதே அவர்தான். கமலாசனிக்குக் கோபம் போகவில்லை. ஆனால் வீட்டுக்கு வரும் வழி முழுக்க நெஞ்சு நிறைந்திருந்தது. இத்தனை நாள் வயலில் தான் தனியே நின்றதாக நினைத்திருந்தாள்.

4

வழக்குத் தவணை நாள், இங்கேயும் வியாழக்கிழமை. குதிக்காலில் சேறு காயாமலே விறாந்தைக்கு வந்துவிட்டாள். யாழ்ப்பாண பஸ்ஸில் வந்த சிற்றம்பலம் எதிர்ப்பக்கம் நின்றார். கொஞ்சம் மெலிந்திருந்தார்.

முடிவு ஒன்று: இருவரும் சேர்ந்துவிடுகிறார்கள். பத்திரிகைக்காரருக்குப் பிடிக்கும். ஆனால் அவர் இனிக் காட்டுக்கு வரமாட்டார், அவள் வயலை விடமாட்டாள்.

முடிவு இரண்டு: அவள் நன்றி சொல்கிறாள். இங்கேதான் மாட்டிக்கொண்டேன். எங்கள் பக்கத்தில் வீட்டு ஆட்களுக்கு நன்றி சொல்கிற வழக்கமில்லை. அது பிறத்தியாருக்கு. புருஷனுக்குச் சொன்னால், நீ எனக்குப் பிறத்தி என்று அவளே தீர்ப்புச் சொன்னதாகிவிடும். சொல்லாமல் விட்டால் அவளுக்கு இனி நித்திரை வராது.

எழும்பி அவரிடம் போனாள்.

“இஞ்சருங்கோ.”

ஊரில் பெண்கள் புருஷனைக் கூப்பிடுகிற அதே கூப்பிடல். வேறெப்படிக் கூப்பிடுவதென்று அவளுக்குத் தெரியாது. அவர் திரும்பி அவள் கால்களைப் பார்த்தார்.

“தண்ணி பாய்ஞ்சுதோ?”

“ஓம். கடைசி வரம்பு மட்டும் பாய்ஞ்சுது.”

“அப்ப சரி.”

சேவகர் உள்ளேயிருந்து இருவர் பெயரையும் கூப்பிட்டார். அவர் அவளுக்கு வழிவிட்டு ஒதுங்கி நின்றார். சொல்ல வந்த நன்றி அவள் வாய்க்குள்ளேயே இருக்கிறது. அதை அவள் வாசலுக்கு இந்தப் பக்கம் மனைவியாக நின்று சொல்லலாம், தீர்ப்பு முடிந்து பிறத்தியாக வெளியே வந்தும் சொல்லலாம். என் பேனைக்குத் துணிவில்லை. நீங்கள் அவளோடு உள்ளே போங்கள்.