ஓய்வு நாளில் வந்த மஞ்சுவிரட்டு

முல்லையாற்றுத் தண்ணீரைக் கையில் ஏந்திச் சொல்கிறேன், இதில் ஒரு சொல் பொய்யென்றாலும் என் நாக்கு அழுகட்டும்.

இரண்டாம் உலக யுத்தம் தொடங்குவதற்கு ஓரிரு வருடம் முந்தி. அனுமந்தன்பட்டியில் என் சேக்காளி சுருளிவேலுக்குத் தாய்மாமன் மகள் மூக்கம்மாள் மேல் உயிர். மாமன் அழகரோ, தை மஞ்சுவிரட்டில் தன் செவலைக் காளையைப் பிடித்தால்தான் பெண் என்று சொல்லிவிட்டார்.

எங்கள் பக்கம் பயிற்சி கொடுக்கத் தெரிந்தவர் சின்னக்கருப்பு ஒருவர்தான். அவர் பழக்கியது மாடுகளை. செவலையும் அவர் மாட்டுக் கொட்டத்தில்தான் நின்றது. சுருளிவேலும் அங்கேயே போய்ச் சேர்ந்தான். இருவருக்கும் ஒரே பாடம். ஒரு நாள் ஆற்றில் எதிர்நீச்சல், மலையடிவாரம்வரை ஓட்டம், மணல்மேட்டில் தலையால் முட்டு. மறுநாள் முழு ஓய்வு.

"உழைக்கிற அன்னைக்குச் சதை கரையும்லே. படுக்கிற அன்னைக்குத்தேன் ஊறும்" என்பார் சின்னக்கருப்பு.

ஓய்வு நாளில் எழுந்து திரியக் கூடாதென்று சுருளிவேலையும் முளைக்குச்சியில் கட்டிப்போட்டார். பருத்திக்கொட்டைப் பால் குடித்துவிட்டு, செவலையின் திமிலில் கைபோட்டு அவன் தூங்குவான். துணைக்கு நானும் சாய்வேன். அந்த மார்கழி வெயிலையும் வைக்கோல் வாசனையையும் நினைத்தால் இப்போதும் கண் சொருகுகிறது. அப்படி ஓர் உறக்கம் பிற்பாடு எனக்கு வாய்க்கவே இல்லை.

தண்ணீருக்குப் போகிற மூக்கம்மாள் எட்டிப் பார்ப்பாள். "எங்க அய்யா கேக்கச் சொன்னாக மச்சான், எப்பருந்து அசை போடுவீகளாம்?"

மஞ்சுவிரட்டு உழைக்கிற நாளில் விழும்படி சின்னக்கருப்பு கணக்காகத்தான் வைத்திருந்தார். மழை பிடித்து, ஊரார் ஒரு நாள் தள்ளிவிட்டார்கள். அது ஓய்வு நாள்.

வாடிவாசல் திறந்தது. செவலை நிதானமாக நடந்து வந்து, சுருளிவேலைக் கண்டதும் பக்கத்தில் படுத்தது. அவன் ஒரு கொட்டாவி விட்டான். திமிலில் கைபோட்டுத் தானும் படுத்துவிட்டான். கொடி இறங்கும்வரை திமிலை விடாதவன் ஜெயித்தவன் என்பது ஊர் வழக்கம். கொடி இறங்கியது. இரண்டு பேரும் குறட்டை.

அழகர் களத்தில் இறங்கி வந்து குனிந்தார். "ஏலே, ஜெயிச்சிட்ட. எந்திரிச்சு வந்து பொண்ணைக் கூட்டிக்கிட்டுப் போ."

சுருளிவேல் கண்ணைத் திறக்கவில்லை. "நாளைக்கு வாரேன் மாமா. இன்னைக்கு ஓய்வு."

மறுநாளே கல்யாணம் நடந்தது.

ஆற்றுத் தண்ணீர் இன்னும் கையில்தான் இருக்கிறது, அதனால் இதையும் சொல்லிவிடுகிறேன்: அழகர் தன் ஆயுளில் மாடே வைத்திருந்ததில்லை. அவரிடம் இருந்தது இரண்டு வெள்ளாடு.